ஸாக் மாரிஸ் மேல் ஏன் கோபமே வருவதில்லை?

வணக்கம் மக்களே! இன்றைக்கு 'சேவ்டு பை த பெல்' பற்றிப் பேசலாம். 1989 முதல் 1993 வரை அமெரிக்காவின் என்பிசி சேனலில், கார்ட்டூன் ஓடுகிற சனிக்கிழமை காலை நேரத்தில் வந்த தொடர். பேசைடு ஹைஸ்கூல், ஆறு பிள்ளைகள், பெல்டிங் என்று ஒரு பிரின்சிபால், எல்லோரும் போய் உட்கார 'த மேக்ஸ்' என்று ஒரு சாப்பாட்டுக் கடை. அவ்வளவுதான்.

உண்மையைச் சொன்னால் ஜோக்குகளில் பாதிக்கு மேல் பழசாகிவிட்டன. ஒவ்வொரு வரிக்கும் சிரிப்புச் சத்தம் வேறு. ஆனாலும் ஒரு எபிசோடு போட்டால் அடுத்ததையும் பார்த்துவிடுகிறோம். காரணம் அந்த ஆறு பேரில் ஒருவனான ஸாக் மாரிஸ்தான் என்பேன்.

பையன் சரியான ஃபிராடு. கையில் செங்கல் அளவு செல்போன், வாயைத் திறந்தால் பொய். கூடப் படிக்கிற பெண்களை அவர்களுக்கே தெரியாமல் படம் எடுக்க வைத்து, காலண்டர் அடித்து விற்கிற ஆள். அவன் அட்டூழியங்களை வரிசையாகக் கிழித்துத் தொங்கவிட 'ஸாக் மாரிஸ் இஸ் ட்ராஷ்' என்று தனியாக ஒரு வெப் சீரிஸே வந்தது. அதையும் பார்த்துச் சிரித்துவிட்டு, மறுபடி அவன் பக்கமே போய் நிற்கிறோம்.

எப்படி? மாட்டிக்கொள்ளப் போகிற நேரத்தில் 'டைம் அவுட்' என்பான். சுற்றியிருப்பவர்கள் திறந்த வாயோடு, தூக்கிய கையோடு அப்படியே நின்றுவிடுவார்கள். அவன் மட்டும் கேமரா பக்கம் திரும்பி நம்மிடம் திட்டத்தைச் சொல்வான். பெல்டிங் சாருக்குத் தெரியாதது நமக்குத் தெரியும். நாமும் கூட்டாளி ஆகிவிட்டோம், அப்புறம் எங்கே திட்டுவது? (நானும் இப்போது அதே வேலையைத்தான் செய்கிறேன். ஆனால் நான் டைம் அவுட் சொன்னால் எங்கள் வீட்டு மிக்ஸி நிற்பதில்லை.)

இதற்கு முந்தைய வடிவம் டிஸ்னி சேனலில் வந்த 'குட் மார்னிங், மிஸ் ப்ளிஸ்'. அதில் நாயகி டீச்சர், நடித்தவர் ஹேலி மில்ஸ். ஒரே சீசனோடு சரி. என்பிசி டீச்சரைத் தூக்கிவிட்டு, பள்ளிக்கூடத்தை இண்டியானாபோலிஸிலிருந்து கலிஃபோர்னியாவுக்கு மாற்றி, ஸாக்கை முன்னால் நிறுத்தியது. அங்கேதான் தொடருக்கு உயிர் வந்தது.

ஜெஸ்ஸி அந்த ஆறு பேரில் ஒரு பெண். 1990இல் வந்த அவளுடைய மாத்திரை எபிசோடை எல்லோரும் கிண்டல் செய்வார்கள். பரீட்சைக்குக் கண்விழிக்க மாத்திரை போட்டுப் போட்டு, கடைசியில் பாட ஆரம்பித்து, பாட்டு பாதியிலேயே அழுகையாகி ஸாக் மேல் சரிவாள். போதை மாத்திரையாக எழுதியதைச் சேனல் விடாததால் கஃபீன் மாத்திரை ஆக்கினார்களாம். கொஞ்சம் ஓவர்தான். ஆனால் கவனியுங்கள், அந்த இடத்தில் ஸாக் டைம் அவுட் சொல்லமாட்டான். நம் பக்கம் திரும்பவே மாட்டான்.

2020இல் பீகாக் என்ற ஓடிடி தளத்தில் வந்த புதுத் தொடரில் அவன் கலிஃபோர்னியா கவர்னர். வேறு எந்த வேலைக்குப் போவான்! புதிதாகப் பார்க்கிறவர்கள் ஜெஸ்ஸி எபிசோடில் தொடங்குங்கள். சரி, அடுத்த வீடியோவில் பார்க்கலாம்.