சார்டனே பிடிக்காது என்பவரிடம் என்ன கேட்பது?

(உணவக மேலாண்மை மாணவர்களிடையே ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

ஆசிரியப் பெருமக்களே, மாணவ நண்பர்களே, அனைவருக்கும் வணக்கம்.

உங்களில் பலர் விரைவில் பெரிய ஹோட்டல்களிலும் கப்பல்களிலும் விருந்தினர் முன் நிற்கப் போகிறீர்கள். அங்கே ஒருநாள் ஒருவர் சொல்வார்: “சார்டனே வேண்டாம், எனக்குப் பிடிக்காது. ஷாப்லி இருந்தால் கொடுங்கள்.” நீங்கள் ஷாப்லி ஊற்றுவீர்கள், அவரும் மகிழ்ந்து குடிப்பார். ஆனால் ஷாப்லி என்பது சார்டனே திராட்சையில் மட்டுமே செய்யப்படும் ஒயின். பிரான்சின் விதிகள் அங்கே வேறு திராட்சைக்கு இடம் தருவதில்லை. புட்டியின் சீட்டில் பெரும்பாலும் ஊர்ப்பெயர்தான் இருக்கும், திராட்சையின் பெயர் இருக்காது.

அந்த விருந்தினர் சொன்னதில் தவறில்லை. அவருக்குப் பிடிக்காமல் போனது திராட்சை அல்ல, அந்தத் திராட்சையை வைத்து எங்கோ ஒருவர் செய்த வேலை. எந்த வேலை என்று கேட்டறிவது நம் கடமை. ஒயின் பரிமாறும் தொழிலில் நான் மிக முக்கியமாகக் கருதும் திறமை அதுதான்.

சார்டனேயின் பிறப்பிடம் பிரான்சின் பர்கண்டி. நெடுங்காலம் இதன் பெற்றோர் யார் என்பது ஊகமாகவே இருந்தது. 1999-இல் கலிஃபோர்னியப் பல்கலைக்கழகத்தின் டேவிஸ் வளாக ஆய்வாளர்கள், பிரெஞ்சு ஆய்வாளர்களுடன் சேர்ந்து, மரபணுச் சோதனையில் விடை கண்டார்கள். ஒரு பெற்றோர் பர்கண்டியின் பெருமைக்குரிய பினோ திராட்சை. மற்றொன்று குவே பிளாங், மட்டமானது என்று ஒதுக்கப்பட்ட, எளிய குடியானவர்கள் வளர்த்த வெள்ளைத் திராட்சை. உலகமே கொண்டாடும் ஓர் இனத்தின் பாதி இரத்தம் அந்த ஒதுக்கப்பட்ட கொடியிலிருந்து வந்தது என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் நிறைகிறது.

மஸ்கட் திராட்சையின் ஒயினைக் கண்ணை மூடிக்கொண்டு முகர்ந்தாலும் அடையாளம் சொல்லிவிடலாம். சார்டனேயிடம் அப்படி உரத்த வாசனை எதுவும் இல்லை. விளைந்த இடத்தின் வெயிலும் செய்தவரின் முடிவுகளும் அதில் அப்படியே தெரியும். குளிர்ந்த இடத்தில் விளைந்தால் பச்சை ஆப்பிளும் எலுமிச்சையும் மணக்கும். சற்று வெப்பம் கூடினால் பீச்சும் முலாம்பழமும். நன்றாக வெயில் காய்கிற நாட்டில் அன்னாசியும் மாம்பழமும் வந்துவிடும். வெயில் ஏற ஏறப் பழத்தில் சர்க்கரை கூடும், புளிப்பு இறங்கும். அந்தச் சர்க்கரைதான் நொதித்து ஆல்கஹாலாக மாறுகிறது. எனவே சீட்டில் 12.5 சதவீதம் என்றிருக்கும் சார்டனேயும் 14.5 என்றிருக்கும் சார்டனேயும் ஒரே மாதிரி இருக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள். சிறிய எழுத்தில் அச்சிட்ட அந்த எண்ணைப் படிக்கப் பழகுங்கள்.

ஷாப்லியைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். பர்கண்டியின் வடக்கு ஓரத்தில், செரேன் என்ற சிற்றாற்றின் கரையில் இருக்கும் சிறிய ஊர் அது. சார்டனே சீக்கிரமாகத் துளிர்விடும் கொடி. ஏப்ரலில் துளிர் வெளிவந்த நேரம் பார்த்து உறைபனி இறங்கினால் அந்த ஆண்டு விளைச்சல் வெகுவாகக் குறைந்துவிடும். 2021 ஏப்ரலில் அப்படித்தான் நடந்தது. பனி இறங்கும் இரவுகளில் தோட்டம் முழுதும் வரிசையாக மெழுகுப் பானைகளைக் கொளுத்தி வைக்கிறார்கள். வேறு சில தோட்டங்களில் துளிர்மேல் விடியும்வரை தண்ணீர் தெளிக்கிறார்கள். தண்ணீர் உறையும்போது வெளிவிடும் வெப்பம் துளிரை உறைநிலைக்குக் கீழே போகாமல் காக்கிறது. பனிக்கட்டியே துளிருக்குப் போர்வையாகிறது! இத்தனை குளிரில் பழுக்கும் பழத்தில் புளிப்பு கூர்மையாக இருப்பதில் வியப்பில்லை.

அந்த மண்ணில் ஏறத்தாழ 15 கோடி ஆண்டுகளுக்கு முந்தைய சிறு சிப்பிகளின் ஓடுகள் கல்லாகிப் புதைந்து கிடக்கின்றன. அந்தச் சிப்பியின் சுவை வேர்வழியே ஏறி ஒயினில் இறங்குகிறது என்று விற்பனையாளர்கள் சொல்வார்கள். தயவுசெய்து நீங்கள் அதை விருந்தினரிடம் சொல்லாதீர்கள். கல்லின் சுவை அப்படிக் கோப்பைக்கு வருவதில்லை. உயர்ந்த புளிப்பு, அடங்கிய பழவாசனை, பெரும்பாலும் புதிய மரப் பீப்பாயின் சாயலே இல்லாத செய்முறை ஆகிய மூன்றும் சேரும்போது நாக்கு அதை ஈரக்கல், உப்பு, கடற்காற்று என்று உணர்கிறது. அந்த உணர்வு உண்மையானது, காரணம்தான் வேறு.

இனி ஒயின்கூடத்துக்குள் வருவோம். விருந்தினர்களின் பெரும்பாலான விருப்பு வெறுப்புகள் இங்கேதான் உருவாகின்றன. ஆல்கஹால் நொதித்தல் முடிந்தபின் பாக்டீரியாக்கள் வேலையைத் தொடங்கலாம். பச்சை ஆப்பிளில் இருக்கும் மாலிக் அமிலத்தை அவை லாக்டிக் அமிலமாக மாற்றுகின்றன. நம் தயிரில் இருப்பதும் இந்த லாக்டிக் அமிலம்தான். பல்லைக் கூசச் செய்யும் புளிப்பு தணிந்து ஒயின் வழுவழுப்பாகிறது. இந்த மாற்றத்தின்போது டைஅசிட்டைல் என்ற பொருளும் பிறக்கிறது. செயற்கை வெண்ணெய் மணத்துக்குப் பயன்படுவது அதுவே. சார்டனேயில் வெண்ணெய் வாசனை வருகிறது என்று யாராவது சொன்னால் அது அவர்களுடைய கற்பனை அல்ல. இந்த மாற்றத்தை நடக்க விடுவதும் தடுப்பதும் ஒயின் செய்பவரின் முடிவு.

அடுத்தது ஓக் மரப் பீப்பாய். பர்கண்டியில் வழக்கமான பீப்பாய் 228 லிட்டர் கொள்ளும். உட்புறத்தை நெருப்பில் வாட்டியிருப்பார்கள். புதிய பீப்பாய் வனிலா, தேங்காய், கிராம்பு, வறுத்த ரொட்டி ஆகிய வாசனைகளைத் தருகிறது. சில முறை பயன்படுத்திய பீப்பாயில் அவை ஏறக்குறைய தீர்ந்துவிடும். ஆனாலும் அது வீணில்லை, மரத்தின் வழியே மெல்ல நுழையும் காற்று ஒயினைப் பக்குவப்படுத்தும். ஒரு நுட்பத்தைக் கவனியுங்கள். பழச்சாற்றைப் பீப்பாயிலேயே நொதிக்க விட்டால் மரவாசனை அடங்கியே இருக்கும், ஏனென்றால் ஈஸ்ட் அதில் ஒரு பகுதியை மாற்றிவிடுகிறது. தொட்டியில் நொதிக்கவைத்த ஒயினைப் பிறகு புதுப் பீப்பாயில் ஊற்றினால்தான் மரம் தனியாகத் துருத்திக்கொண்டு நிற்கும். மலிவான ஒயின்களில் பீப்பாயே இருக்காது, ஓக் மரச்சில்லுகளைத் தொட்டியில் போட்டு ஊறவைப்பார்கள்.

இறந்த ஈஸ்ட் அடியில் வண்டலாகத் தங்கும். அதை அவ்வப்போது கோலால் கலக்கிவிட்டால் ஒயினுக்குத் திண்மையும் ரொட்டி மணமும் கூடும். பர்கண்டியில் உள்ள மெர்சோ ஊரின் சார்டனேயைச் சுவைத்தால் இவை எல்லாம் இழைந்திருப்பதைக் காணலாம். வெண்ணெய், வறுத்த கொட்டை, அதனடியில் விடாமல் ஓடும் புளிப்பு. எனக்கு இதைவிட உயர்ந்த வெள்ளை ஒயின் வேறில்லை.

அப்படியானால் வெறுப்பு எங்கிருந்து வந்தது? 1976 மே மாதம் பாரிசில், அங்கே ஒயின் கடை நடத்திய ஆங்கிலேயர் ஸ்டீவன் ஸ்பரியர் ஏற்பாடு செய்த போட்டியில் பிரெஞ்சு நடுவர்கள் பெயர் தெரியாமல் ஒயின்களைச் சுவைத்தார்கள். வெள்ளை ஒயின்களில் முதலிடம் பெற்றது கலிஃபோர்னியாவின் ஷாட்டோ மான்டலீனா நிறுவனத்தின் 1973 சார்டனே. அதன்பின் கலிஃபோர்னியாவிலும் ஆஸ்திரேலியாவிலும் சார்டனே பரவலாக நடப்பட்டது. மக்கள் விரும்பினார்கள் என்பதால் வெண்ணெயும் வனிலாவும் கூடிக்கொண்டே போயின. பழம் தெரியாத அளவுக்கு மரம் ஏறியது. 1990-களில் “சார்டனேயைத் தவிர எதுவானாலும் சரி” என்பது ஆங்கிலம் பேசும் நாடுகளில் ஒரு முழக்கமாகவே ஆனது. பழி முழுவதும் ஒரு பாவமும் அறியாத திராட்சையின் மேல் விழுந்ததுதான் எனக்கு வருத்தம்.

இன்று நிலைமை வெகுவாக மாறிவிட்டது. ஆஸ்திரேலியாவின் யாரா பள்ளத்தாக்கிலும் டாஸ்மேனியாவிலும் பழத்தை முன்னதாகவே பறித்து, புதுமரத்தைக் குறைத்து, கூர்மையான சார்டனே செய்கிறார்கள். சிலவற்றில் தீக்குச்சி உரசியது போன்ற மணம் வரும். அது கந்தகச் சேர்மங்களால் வருவது. மெல்லியதாக இருந்தால் பலர் அதை விரும்பியே தேடுகிறார்கள்.

ஆகவே “பிடிக்காது” என்று விருந்தினர் சொன்னதும் பட்டியலை மூடிவிடாதீர்கள். “வெண்ணெய் மணம் பிடிக்கவில்லையா, புளிப்பு அதிகமாக இருந்ததா?” என்று பணிவோடு கேளுங்கள். வெண்ணெயும் வனிலாவும்தான் உறுத்தின என்றால் ஷாப்லியையோ எஃகுத் தொட்டியில் செய்ததையோ கொடுங்கள். புளிப்பு தாங்கவில்லை என்றால் வெயில் நாட்டில் விளைந்து பீப்பாயில் பக்குவப்பட்டதைக் கொடுங்கள். அவர் காரமான உணவு கேட்டிருந்தால் ஆல்கஹால் குறைந்ததையே தேர்ந்தெடுங்கள், ஏனென்றால் ஆல்கஹால் மிளகாயின் எரிச்சலைக் கூட்டும். நண்டும் வெண்ணெயும் தட்டில் இருந்தால் மெர்சோவைத் தயங்காமல் சொல்லலாம்.

குளிர்ச்சியிலும் கவனம் வேண்டும். ஷாப்லிக்கு 8 முதல் 10 டிகிரி செல்சியஸ் பொருந்தும். பீப்பாயில் பக்குவப்பட்ட சார்டனேயை 12, 13 டிகிரியில் ஊற்றுங்கள். பனிக்கட்டி வாளியிலேயே விட்டுவைத்தால் அதன் மணம் முழுவதும் ஒடுங்கிவிடும். ஊற்றியதும் புட்டியை வாளியிலிருந்து எடுத்து மேசைமேல் வையுங்கள். விருந்தினர் காரணம் கேட்டால் சொல்லுங்கள்.