சுவரில்லாமல் சித்திரமா?

(நுகர்வோர் சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)

தலைமையேற்றிருக்கும் ஓய்வுபெற்ற மாவட்ட நீதிபதி ஐயா அவர்களே, நெடுஞ்சாலைத் துறையில் நேர்மைக்குப் பெயர் பெற்று ஓய்வு பெற்ற கோட்டப் பொறியாளர் ஐயா அவர்களே, வழக்குரைஞர் சங்கத் தலைவர் அம்மையார் அவர்களே, மண்டபத்தை வாடகை வாங்காமல் தந்த வணிகர் சங்கப் பெருமக்களே, மழையையும் பாராமல் வந்திருக்கும் தாய்மார்களே, வணக்கம். நீதிபதி ஐயா முன்னால் சட்டம் பேசத் தயக்கமாக இருக்கிறது. பிழையிருந்தால் ஐயா நிறைவுரையில் திருத்த வேண்டும்.

சாலை வேலை தாமதமானால் அரசும் ஒப்பந்ததாரரும் ஏன் கோர்ட்டுக்குப் போகிறார்கள்? நிலம், காலம், வட்டி என்று மூன்று செய்திகளோடு வந்திருக்கிறேன்.

முதலில் நிலம். சுவரை வைத்துத்தான் சித்திரம் எழுத வேண்டும். நாமோ நிலம் கைக்கு வரும் முன்பே டெண்டர் விடுகிறோம். பணி ஆணை கொடுத்ததும் ஒப்பந்தக் காலம் ஓடத் தொடங்குகிறது. மின்கம்பம் நகரவில்லை, குடிநீர்க் குழாய் மாறவில்லை, பட்டாதாரருக்கு இழப்பீடு போய்ச் சேரவில்லை. ஒப்பந்ததாரரின் ஆட்களும் இயந்திரங்களும் வேலையில்லாமல் நிற்க, கடனுக்கு வட்டி ஏறுகிறது. தவணை முடிந்ததும் துறை அபராதம் பிடிக்கிறது. "இடம் தராதது நீங்கள்தானே" என்று அவர் வழக்குப் போடுகிறார்.

சென்னைத் துறைமுகம் – மதுரவாயல் பறக்கும் சாலை தெரியுமா? கோயம்பேட்டில் பஸ் ஏறியவர்கள் கை தூக்குங்கள்! பாதி மண்டபம் தூக்கிவிட்டது. எங்கள் பக்கத்து வீட்டுப் பெரியம்மாவைக் கண் வைத்தியத்துக்காகச் சென்னைக்கு அழைத்துப் போனேன். கூவத்தில் நின்ற தூண்களை ஜன்னல் வழியே பார்த்தவர், "என்னடா தம்பி, மேலே ஒண்ணுமில்லாம நிக்குது, கோயில் கட்டுறாங்களா?" என்றார். பாலம் என்றேன். மறு வருஷம் போனபோதும் தூண்கள் அப்படியே. இந்த முறை கண்டக்டரிடமே கேட்டுவிட்டார். "கேஸ் நடக்குதும்மா." "யார் மேல கேஸ்?" "கவர்மெண்ட் மேல கவர்மெண்ட்டே கேஸும்மா!" பஸ்ஸே சிரித்தது. பெரியம்மா சிரிக்கவில்லை. "அப்ப காசு யாரோடது?" என்றார். யாரும் பதில் சொல்லவில்லை.

கண்டக்டர் சொன்னது உண்மை. மத்திய அரசின் இந்தச் சாலைக்கு 2009 ஜனவரியில் பிரதமர் மன்மோகன் சிங் அடிக்கல் நாட்டினார். மதிப்பீடு 1,600 கோடி ரூபாய்க்கு மேல். 2012 மார்ச்சில், தூண்கள் கூவத்தின் நீரோட்டத்தைத் தடுக்கின்றன என்று மாநிலப் பொதுப்பணித் துறை வேலையை நிறுத்தியது. மத்திய அரசின் நெடுஞ்சாலை ஆணையம் வழக்குப் போட, 2014 பிப்ரவரியில் சென்னை உயர் நீதிமன்றம் அந்த உத்தரவை ரத்து செய்தது. மாநில அரசு உச்ச நீதிமன்றம் போனது. 2022 மே மாதம் பிரதமர் மோடி மறுபடியும் அடிக்கல் நாட்டினார். இம்முறை இரண்டடுக்குச் சாலை, 5,850 கோடிக்கு மேல். ஆற்றில் எந்த இடத்தில் தூண் வரும் என்று எல்லாத் துறையும் கையெழுத்திட்ட பிறகல்லவா முதல் குழி தோண்டியிருக்க வேண்டும்? சுவரை வைத்துத்தான் சித்திரம்!

காலம் பற்றி ஒரு வார்த்தை. 1872ஆம் வருஷத்து ஒப்பந்தச் சட்டத்தின் 55ஆம் பிரிவைப் பாருங்கள். தவணை தப்பிய வேலையை ஏற்றுக்கொள்ளும்போதே நஷ்டஈடு கேட்பேன் என்று அறிவிப்புக் கொடுக்காதவர், பிறகு அதைக் கேட்க முடியாது. துறை ஒரு கடிதம் எழுதாமல் விட்டால் வழக்கே தோற்கலாம். வழக்குரைஞர் அம்மையார் இதை என்னைவிட நன்றாக விளக்குவார்.

வட்டிக்கு வருகிறேன். வழக்கு நீள நீள வட்டியும் ஏறுகிறது. 2023இல் மத்திய அரசே ஒரு சமரசத் திட்டம் கொண்டுவந்தது. அரசை எதிர்த்து, கோர்ட்டுக்கு வெளியே விசாரிக்கும் நடுவரின் தீர்ப்பில் ஜெயித்த ஒப்பந்ததாரருக்குத் தீர்ப்பான தொகையில் அதிகபட்சம் 65 சதவீதம், நீதிமன்றத் தீர்ப்பு என்றால் 85 சதவீதம். ஜெயித்தவரே விட்டுக்கொடுத்துப் பணம் வாங்கும் நிலை! மணி அடித்துவிட்டார்கள், வட்டிக் கணக்கை இன்னொரு மேடையில் விரிவாகச் சொல்கிறேன்.

நம் கோரிக்கை ஒன்றே. முழு நிலமும் ஒப்படைக்கப்பட்டது என்று வருவாய்த் துறையும் நெடுஞ்சாலைத் துறையும் கையெழுத்திட்ட சான்று இல்லாமல் பணி ஆணை கொடுக்கக் கூடாது. அந்தச் சான்றின் தேதி, வேலை நடக்கும் இடத்துப் பலகையில் ஒப்பந்ததாரர் பெயருக்குப் பக்கத்திலேயே இருக்க வேண்டும். மாவட்ட ஆட்சியருக்கான மனு வாசல் மேசையில் இருக்கிறது. நம் ஊர்ப் புறவழிச் சாலைக்கு நிலம் கொடுத்தவர்கள் கையெழுத்தோடு சர்வே எண்ணையும், இழப்பீடு வந்ததா என்பதையும் எழுதுங்கள். திங்கட்கிழமை குறைதீர் நாளில் எல்லோரும் சேர்ந்தே போய்க் கொடுப்போம். நன்றி, வணக்கம்.