தயிர்க்கடலுக்கும் பாற்கடலுக்கும் நடுவே

திருநெல்வேலி வானொலி நேயர்களுக்கு வணக்கம். கதைகளில் வரும் மாயக் கடல்களைப் பற்றிப் பேசும்படி என்னை அழைத்திருக்கிறார்கள். பல ஆண்டுகளாகப் பிள்ளைகளுக்குக் கதை சொல்லி வருகிறேன் என்பதைத் தவிர இதற்கு எனக்கு வேறு தகுதி இல்லை. மாயக் கடலில் எது வேண்டுமானாலும் நடக்கும் என்று சொல்லிவிட்டால் பிள்ளைகள் சற்று நேரத்தில் கொட்டாவி விடத் தொடங்குகிறார்கள் என்பதையும், அதே கடலுக்கு ஒரு சட்டத்தை வகுத்து, கதை முடியும் வரை அதை மீறாமல் காத்து வந்தால் சாப்பிடக் கூப்பிட்டாலும் எழுந்து போகமாட்டார்கள் என்பதையும் அந்தப் பழக்கத்தில் கண்டறிந்தேன்.

இதை எனக்கு முதலில் கற்பித்தவர் திருச்செந்தூருக்கு அருகே, தேரிக்காடு என்னும் செம்மணல் காட்டை ஒட்டிய சிற்றூரில் வாழ்ந்த என் ஆச்சி. அவர் இரவுகளில் ஏழு கடல் கதை சொல்லுவார். உப்பு, கருப்பஞ்சாறு, மது, நெய், தயிர், பால், நன்னீர் என்பது விஷ்ணு புராணம் கூறும் வரிசை. புராணத்துக்குப் புராணம் இது சற்று மாறும், ஆச்சி சொன்னது இந்த வரிசைதான். நடுவில் நாவலந்தீவு, அதைச் சுற்றி உப்புக்கடல், அதற்கப்பால் ஒரு தீவு, அதைச் சுற்றி அடுத்த கடல் என்று வண்டிச்சக்கரத்துக்குள் சக்கரமாக அவை அமைந்திருக்கின்றன. தயிரும் பாலும் அடுத்தடுத்து வருவதைக் கேட்டதும் எனக்கு ஓர் ஐயம் எழுந்தது. ஒரு கரண்டி உறைமோர் பட்டாலே ஒரு பானைப் பால் விடிவதற்குள் உறைந்துவிடும்போது, ஒரு கடல் தயிர் பக்கத்தில் இருந்தால் பாற்கடல் என்னவாகும், பள்ளிகொண்ட பெருமாள் எங்கே போவார் என்று கேட்டேன். ஆச்சி ஒரு நொடியும் தயங்கவில்லை. "ஏல, அதுக்குத்தானே நடுவுல ஒரு தீவப் போட்டு வச்சிருக்கு!" என்றார்.

அந்த விடையை இன்றளவும் நான் வியக்கிறேன். கடலுக்குக் கடல் தீவு வைத்த புராணிகர் உறைமோரை நினைத்தாரோ இல்லையோ, ஆச்சி நினைத்தார். அகலத்துக்கும் அங்கே கணக்கு உண்டு. ஒவ்வொரு தீவும் முந்தைய தீவைப்போல் இருமடங்கு. ஒவ்வொரு கடலும் தான் சூழ்ந்த தீவின் அளவே அகலம் உடையது. யோசனை என்பது பழங்காலத் தூர அளவு. உப்புக்கடல் 1 லட்சம் யோசனை என்றால் கருப்பஞ்சாற்றுக் கடல் 2 லட்சம், மதுக்கடல் 4 லட்சம் என்று பெருகி, கடைசியிலுள்ள நன்னீர்க்கடல் 64 லட்சம் யோசனையாகிறது. ஆக, குடிக்கிற தண்ணீர்தான் எல்லாவற்றிலும் பெரியது, எல்லாவற்றிலும் தொலைவில் இருப்பது. ஒரு குடம் நல்ல தண்ணீருக்காகத் தேரி மணலில் கால் புதைய நடந்த ஆச்சிக்கு இதை யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

ஆச்சி வழியிலேயே நானும் பிள்ளைகளும் சேர்ந்து ஒரு பதநீர்க் கடலை உண்டாக்கினோம். கருப்பஞ்சாற்றுக்குக் கடல் இருக்கும்போது நம் பனங்காட்டுக்கு இல்லாமல் போகலாமா? பனையேறிகள் கலயத்தின் உட்புறம் சுண்ணாம்பு தடவுவது நேயர்கள் அறிந்ததே; தடவாவிட்டால் வெயில் ஏற ஏறப் பதநீர் புளித்துக் கள்ளாகிவிடும். ஆகவே எங்கள் கடலின் கிழக்குக் கரை முழுவதும் கிளிஞ்சல் சுட்ட சுண்ணாம்பு. அங்கே அலை எப்போதும் இனிக்கும். மேற்குக் கரையில் வெறும் மணல். அங்கே உச்சிவேளையில் கடல் நுரைத்து, மீன்கள் எல்லாம் தள்ளாடும். தூத்துக்குடி உப்பளங்களைப் போலக் கிழக்கே பாத்தி கட்டினால் உப்புக்குப் பதில் கருப்பட்டி விளையும் என்றாள் ஒரு சிறுமி. மேற்கே ஏன் விளையாது என்று கேட்டேன். "அது கள்ளுல்லா" என்றாள். அதாவது, சட்டத்தை நான் சொல்லத் தேவையின்றி அவளே காத்துக்கொண்டாள். கருப்பஞ்சாற்றுக் கடலுக்கு அடுத்து மதுக்கடல் வருவதும் இப்படித்தானோ என்று எனக்கு அப்போதுதான் தோன்றியது. மறுபடியும் சொல்கிறேன், சட்டம் ஒன்றே ஒன்று போதும். சுண்ணாம்பு இருக்கிறதா, இல்லையா என்ற அளவில் அது எளிதாக இருக்க வேண்டும்.

மெய்யான கடலிலும் அப்படி ஒரு சட்டம் இருந்ததாக நம்பினார்கள். 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் பாண்டிய நாட்டுக்கு வந்த மார்க்கோ போலோ, இலங்கைக்கும் நமக்கும் இடையிலுள்ள கடலில் நடந்த முத்துக்குளிப்பைப் பற்றி எழுதுகிறார். குளிப்பவர்களைப் பெரிய மீன்கள் தாக்காதபடி மந்திரத்தால் கட்டுவதற்கு ஆட்கள் இருந்தார்களாம். எடுத்த முத்தில் இருபதில் ஒரு பங்கு அவர்களுக்குக் கூலி, பத்தில் ஒரு பங்கு அரசனுக்கு. இவர்களைப் பிற்காலத்தில் கடல்கட்டிகள் என்று அழைத்தார்கள். நான் மிகவும் விரும்புவது இனிமேல்தான் வருகிறது. கட்டு பகலுக்கு மட்டுமே. அந்தி சாய்ந்ததும் அதை அவிழ்த்து மீன்களை அவற்றின் போக்கில் விட்டுவிடுவார்கள். இரவில் யாரும் திருட்டுத்தனமாக இறங்கி முத்தெடுக்கக் கூடாது அல்லவா? பகலில் பகையாக இருந்த சுறாவே இரவில் சம்பளம் வாங்காத காவற்காரன். எந்தக் கதைசொல்லியும் இதைவிடச் சிறந்த மாயக் கடலைப் படைத்துவிட முடியாது என்பது என் எண்ணம்.

கொற்கையைப் பற்றி விரிவாகச் சொல்லலாம் என்று வந்தேன்; கண்ணாடிக்கு அப்பாலிருந்து இரண்டு விரல்களைக் காட்டுகிறார்கள், இரண்டு நிமிடம் போலும். சுருக்கமாகவே சொல்லிவிடுகிறேன். பாண்டியரின் முத்துத் துறையான கொற்கை இன்று கடலைவிட்டுச் சில கிலோமீட்டர் உள்ளே, வயல்களுக்கு நடுவே இருக்கிறது. தாமிரபரணி ஆண்டுதோறும் கொண்டுவந்து சேர்த்த வண்டல் கடலைத் தள்ளிக்கொண்டே போயிற்று. ஆற்று வெள்ளம் வரும்தோறும் ஒரு முழம் பின்வாங்கும் கடல் என்று வைத்துக்கொண்டு, அந்தத் துறையில் படகு கட்டிய ஒருவனுடைய கதையை உங்கள் வீட்டுப் பிள்ளைகளிடம் தொடங்கி வையுங்கள். படகை அவன் எங்கே கட்டுவான் என்பதை அவர்களே சொல்லட்டும். வணக்கம்.