இரண்டு நிலவுகளும் ஒரு விடுமுறையும்

(கிளை நூலகமொன்றில் நடந்த மிகுபுனைவு எழுத்துப் பயிலரங்கில் ஆற்றிய உரை)

மதிப்பிற்குரிய வாசகர் வட்டத் தலைவர் அவர்களே, என்னை அழைத்த நூலகர் அம்மா அவர்களே, இந்த ஒலிபெருக்கியையும் சற்று முன் நாம் குடித்த தேநீரையும் உபயம் செய்த வணிகர் சங்கத் தலைவர் அவர்களே, வெயிலைப் பொருட்படுத்தாமல் வந்திருக்கும் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஐயா அவர்களே, நாளைக்கு நாவல் எழுதப்போகும் தம்பி தங்கைகளே, வணக்கம். யார் பெயராவது விட்டுப்போயிருந்தால் பொறுத்தருளுங்கள்; போன வாரம் ஒரு கூட்டத்தில் ஒருவரை விட்டுவிட்டேன், அவர் இன்னும் என்னோடு பேசவில்லை.

கற்பனை உலகத்துக்கு நாள்காட்டி செய்வது எப்படி என்பது தலைப்பு. மூன்று செய்திகள் சொல்வேன். ஒன்று வானம், இரண்டு பெயர், மூன்று விடுமுறை. ‘நாள் செய்வது நல்லார் செய்யார்’ என்பது பழமொழி. நல்ல மனிதர்களால் ஆகாததை நல்ல நாள் செய்துவிடும். ஆனால் அந்த நாளைச் செய்தது யார்?

முதலில் வானம். உங்கள் உலகத்தில் இரண்டு நிலவுகள் என்று வையுங்கள். ஒன்றுக்கு 30 நாளுக்கு ஒருமுறை பௌர்ணமி, மற்றதற்கு 36 நாளுக்கு ஒருமுறை. இரண்டும் ஒரே இரவில் முழுமையாக நிற்பது 180 நாளுக்கு ஒருமுறைதான். அந்த இரவில் திருவிழா வைக்கலாம், திருமணம் வைக்கலாம். கள்வர்கள் அன்று மட்டும் வீட்டில் படுத்துத் தூங்குவார்கள். ஒரு பெருக்கல் கணக்கிலிருந்து ஒரு கதை கிடைத்துவிட்டது, பார்த்தீர்களா?

நம் பூமியின் கணக்கு இவ்வளவு சுமுகமாக வராது. நிலவின் மாதம் ஏறத்தாழ 29 அரை நாள், சூரியனின் ஆண்டு 365 கால் நாளுக்குச் சற்றுக் குறைவு. ஒன்றை வைத்து மற்றதை வகுத்தால் மிச்சம் நிற்கும். அந்த மிச்சத்தை எங்கே ஒளித்துவைப்பது என்பதுதான் நாள்காட்டிக் கலை. ‘தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ என்ற மிகுபுனைவு நாவலை எழுதிய டோல்கீன் இதை அழகாகச் செய்தார். 1955இல் வெளிவந்த அதன் மூன்றாம் பாகத்தின் பின்னிணைப்பில், அவர் படைத்த குள்ள மனிதர்களான ஹாபிட்டுகளின் நாள்காட்டியைக் கொடுத்திருக்கிறார். பன்னிரண்டு மாதங்களுக்கும் முப்பது முப்பது நாள். மிஞ்சும் ஐந்து நாளும் எந்த மாதத்திலும் சேராது. ஆண்டு மாறும்போது இரண்டு, நட்ட நடுவில் மூன்று, எல்லாம் விருந்துக்கு. அதிலும் ஆண்டின் நடுநாளுக்குக் கிழமையே கிடையாது. அதைக் கழித்தால் நிற்பது 364, ஏழால் மிச்சமின்றி வகுபடும். ஆகவே ஒரு தேதி இந்த ஆண்டு எந்தக் கிழமையோ, எல்லா ஆண்டும் அதே கிழமை. காலண்டர் அச்சிடுவோர் பிழைப்பு என்ன ஆகும் என்று அவர் யோசிக்கவில்லை.

இரண்டாவது பெயர். 1793இல் பிரெஞ்சுப் புரட்சிக்காரர்கள் புது நாள்காட்டி செய்தபோது மாதங்களுக்கு மூடுபனி, காற்று, வெப்பம் என்று பொருள்படப் பெயர் வைத்தவர் ஃபாப்ரு தெக்லாந்தீன் என்ற கவிஞர். அடுத்த ஆண்டே அவர் தலை போனது. அதற்கும் நாள்காட்டிக்கும் தொடர்பில்லை. பயப்படாமல் பெயர் வையுங்கள். பெயரைப் பற்றிப் பிறகு வருகிறேன், ஏனென்றால் அதே நாள்காட்டியில்தான் என் மூன்றாவது செய்தி இருக்கிறது. வாரத்துக்குப் பத்து நாள் என்று ஆக்கினார்கள். ஓய்வு பத்தாம் நாளில். ஆண்டுக்கு 52 ஓய்வு நாள் கண்டவர்களுக்கு 36தான், கூட ஆண்டுக் கடைசியில் ஐந்தாறு விழா நாள். உழைக்கிறவன் சும்மா இருப்பானா? பன்னிரண்டு ஆண்டுச் சொச்சத்தில் அந்த நாள்காட்டி செத்தது. 1806 ஜனவரி முதல் நாளோடு நெப்போலியன் பழையதையே கொண்டுவந்துவிட்டார். சோவியத்தில் 1929இல் ஐந்து நாள் வாரம் வைத்து, தொழிலாளர்களை ஐந்து நிறமாகப் பிரித்து, நிறத்துக்கு ஒரு நாள் ஓய்வு கொடுத்தார்கள். இயந்திரம் நிற்கவில்லை. கணவன் சிவப்பு, மனைவி மஞ்சள் என்றானால் வீட்டில் சந்திப்பதுதான் நின்றது. 1940இல் ஏழு நாளுக்கே திரும்பினார்கள். நாள் செய்வது நல்லார் செய்யார், ஐயா!

இங்கே ஒன்று சொல்லியாக வேண்டும். பதினாறு வயதில் நான் ஒரு மளிகைக் கடையில் பொட்டலம் மடித்தேன். ஊர், கடை வேண்டாம். கல்லாவுக்கு மேல் தினசரிக் காலண்டர் தொங்கும். காலையில் சாமி கும்பிட்டுவிட்டு முதலாளி தாளைக் கிழிப்பார். அந்தத் தாளில்தான் பெருங்காயத்தூள் மடிப்போம். தராசில் நின்ற பெரியவர் ஒருவர், ஞாயிற்றுக்கிழமைத் தாளை மட்டும் மடிக்க விடமாட்டார். வாங்கி இடுப்பில் செருகிக்கொள்வார். ஞாயிற்றுக்கிழமையும் கடை உண்டு, அதுவும் அன்றுதான் கூட்டம். “எதற்குப் பெரியப்பா?” என்றால், “பாக்கி, தம்பி. முதலாளி எனக்குத் தரவேண்டிய பாக்கி” என்பார். பதினோரு ஆண்டு சேர்த்தார். முட்டி தேய்ந்து வேலையை விட்டுப் போன அன்று, சணலில் கட்டிய அந்தக் கட்டைக் கல்லா மேல் வைத்தார். ஐந்நூற்றுக்கு மேல் தாள். முதலாளி பிரித்துக்கூடப் பார்க்கவில்லை. தூக்கித் தராசில் வைத்தார். “அரைக் கிலோவுக்குக் கொஞ்சம் கூட இருக்கிறது” என்று பழைய காகித விலையை எண்ணிக் கொடுத்தார். நீங்கள் சிரிக்கிறீர்கள். அன்று நாங்களும் சிரித்தோம், பெரியவரும் சிரித்தார். காசை வாங்கிக்கொண்டுதான் போனார்.

வாரத்துக்கு ஒரு முழுநாள் விடுமுறை என்று நம் மாநிலத்தின் கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டம் 1947இலேயே சொல்லிவிட்டது. கடை ஊழியர்கள் உட்காரலாம் என்று சட்டத்தில் எழுத 2021 வரை ஆனது. நம் கடைத்தெருவில் இந்த இரண்டையும் இன்று மாலை நீங்களே நடந்து பாருங்கள். இரண்டு நிலவு வேண்டாம் தம்பிகளே, ஒரு ஞாயிறு போதும். உங்கள் நாவலில் அரண்மனை எந்த நாளில் விழா எடுக்கிறது என்று எழுதும்போது, அன்றைக்கு அடுப்படியில் நிற்கிறவருக்கு எந்த நாள் ஓய்வு என்றும் ஒரு வரி எழுதுங்கள்.

பெயர்களைப் பற்றிச் சொல்கிறேன் என்றேன். நூலகர் அம்மா கடிகாரத்தைப் பார்க்கிறார். வாசலருகே மேசையில் ஒரு மனு இருக்கிறது, கடை ஊழியர்களின் வார விடுமுறை பற்றியது. பேனாவும் வைத்திருக்கிறேன். முதல் கையெழுத்து வணிகர் சங்கத் தலைவருடையது என்று இடம் விட்டிருக்கிறேன். அவரிடம் இன்னும் கேட்கவில்லை, இப்போதுதான் கேட்கிறேன். நன்றி, வணக்கம்.