வருமான வரிச் சீர்திருத்தம்: படிநிலை விகிதமே நிலைக்க வேண்டும்

மதிப்பிற்குரிய நடுவர் அவர்களே, என் அணித் தோழர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்.

வருமான வரியைச் சீர்திருத்தச் சிறந்த வழி எல்லோருக்கும் ஒரே விகிதமா, வருமானத்துக்கேற்ற படிநிலை விகிதமா என்பது நமக்கு முன் வைக்கப்பட்டுள்ள தலைப்பு. படிநிலை விகிதமே என்னும் அணியில் நின்று பேசுகிறேன். எனக்கு முன் பேசிய எதிரணித் தலைவர், ஒரே விகிதம் வந்தால் வரிப் படிவம் அஞ்சலட்டை அளவுக்குச் சுருங்கிவிடும் என்றார். 2001-இல் ரஷ்யா 13 சதவீதம் என்ற ஒற்றை விகிதத்துக்கு மாறியதும் அரசின் வருவாய் பெருகியது என்றார். உயர் விகிதம் உழைப்பவரைத் தண்டிக்கிறது என்றும் சொல்லி அமர்ந்தார். கைதட்டல் பலமாகவே இருந்தது. வரி குறையும் என்று யார் சொன்னாலும் கைதட்டல் பலமாகத்தான் இருக்கும் என்பது நடுவருக்குத் தெரியாததல்ல.

முதலில் அந்த அஞ்சலட்டையை எடுத்துக்கொள்வோம். வரி செலுத்துபவர் செய்ய வேண்டிய வேலை இரண்டு. எது வருமானம் என்று முடிவு செய்வது ஒன்று. அந்த வருமானத்தின் மேல் விகிதத்தைப் போட்டுக் கணக்கிடுவது மற்றொன்று. இரண்டாவது வேலையை ஓர் அட்டவணை முடித்துவிடும். ஜெர்மனியில் நடுத்தர வருமானங்களுக்குப் படிகள்கூடக் கிடையாது. அடிப்படை விலக்குக்கு மேல் 14 சதவீதத்தில் தொடங்கும் விகிதம், சட்டத்திலேயே எழுதப்பட்ட ஒரு சூத்திரத்தின்படி 42 சதவீதம் வரை சிறிது சிறிதாக ஏறுகிறது. பெருக்கல் கணக்கைப் பார்த்து அங்கே யாரும் மலைத்து நிற்கவில்லை, கணினி அதைப் பார்த்துக்கொள்கிறது. மலைப்பு முழுவதும் முதல் வேலையில்தான் இருக்கிறது. நிறுவனம் தந்த வீடு ஊழியரின் வருமானமா? விற்காத பங்கின் விலை ஏறினால் அந்த ஏற்றத்தை எந்த ஆண்டின் கணக்கில் சேர்ப்பது? தொழிலுக்கென்று வாங்கிய வண்டியில் குடும்பமும் பயணம் செய்தால் செலவில் எத்தனை பங்கு கழியும்? சென்ற ஆண்டின் நட்டத்தை இந்த ஆண்டு லாபத்தில் ஈடுகட்டலாமா? வரிச் சட்டங்களின் பக்கங்களை நிரப்பிக்கொண்டிருப்பவை இத்தகைய கேள்விகளே. விகிதத்தை ஒன்றாக்கினால் இவற்றில் ஒன்றுகூட மறையாது. குடும்பத்தினர் பெயர்களில் வருமானத்தைப் பிரித்துக் காட்டும் ஆசை ஒற்றை விகிதத்தில் ஓரளவு தணியும் என்பதை மட்டும் நேர்மையாக ஒப்புக்கொள்கிறேன்.

எளிமைதான் வேண்டுமென்றால் அதற்கு வேறு பாதை இருக்கிறது. டென்மார்க்கிலும் ஸ்வீடனிலும் சம்பளம் தருபவர், வங்கி, ஓய்வூதிய நிதி ஆகியோர் தரும் விவரங்களைக் கொண்டு வரித் துறையே படிவத்தை நிரப்பி அனுப்புகிறது. பெரும்பாலான சம்பளக்காரர்கள் அதைச் சரிபார்த்தால் போதும். இவ்விரு நாடுகளும் உழைப்பு வருமானத்துக்குப் படிநிலை விகிதங்களையே வைத்திருக்கின்றன.

இனிக் கணக்குக்கு வருகிறேன். மூன்று பேரை எடுத்துக்கொள்வோம்; ஆண்டு வருமானம் முதலாமவருக்கு 10 அலகு, இரண்டாமவருக்கு 20, மூன்றாமவருக்கு 100. முதல் 4 அலகுக்கு வரி இல்லை. அதற்கு மேல் 12 வரை 10 சதவீதம், 30 வரை 20 சதவீதம், அதற்கும் மேல் 30 சதவீதம் என்று படிகள் இருப்பதாகக் கொள்வோம். மூவரும் முறையே 0.6, 2.4, 25.4 அலகு செலுத்துவார்கள். அரசுக்கு வருவது 28.4. இப்போது எதிரணியினர் கேட்பதுபோல் விலக்கு வரம்பை அப்படியே வைத்துக்கொண்டு, அரசின் வருவாயும் குறையாமல், ஒரே விகிதத்துக்கு மாறுவோம். விகிதம் ஏறத்தாழ 24 சதவீதமாக அமையும். முதலாமவரின் வரி 0.6-இலிருந்து 1.4 ஆகிறது, இரண்டாமவருக்கு 2.4 இருந்த இடத்தில் 3.9 வருகிறது; நூறு அலகு ஈட்டுபவருக்கோ 25.4-இலிருந்து 23.1 ஆகக் குறைகிறது.

ஏழைகளைக் காக்க விலக்கு வரம்பை உயர்த்திவிடுவோமே என்று எதிரணியில் ஒருவர் முணுமுணுப்பது எனக்குக் கேட்கிறது. உயர்த்திப் பார்ப்போம். வரம்பை 4-இலிருந்து 8 ஆக்கினால், அதே வருவாயைத் திரட்ட விகிதம் ஏறத்தாழ 27 சதவீதமாக உயர வேண்டும். முதலாமவர் 0.5 செலுத்துவார், அவருக்குச் சிறு நன்மை. மூன்றாமவர் 24.6 செலுத்துவார், அவருக்கும் நன்மையே. இருவருடைய நன்மைக்கும் பணம் தருபவர் நடுவில் இருக்கும் இரண்டாமவர்: 2.4 செலுத்தி வந்தவர் இனி 3.2 செலுத்த வேண்டும். இது நான் கற்பனையாக எடுத்துக்கொண்ட மூவரின் கணக்குத்தான். ஆனால் எண்களை மாற்றினாலும் திசை எளிதில் மாறுவதில்லை. மொத்தத் தொகை குறையக் கூடாது, உச்சியில் சலுகை வேண்டும், அடியில் விலக்கும் வேண்டும் என்று மூன்றையும் சேர்த்துக் கேட்டால், சுமை போய் இறங்குவதற்கு நடுத்தட்டைத் தவிர வேறு இடமில்லை. விலக்கு வரம்பு என்ற ஒன்றை ஏற்ற கணமே எதிரணியினரும் பூச்சியம், 24 என இரண்டு படிகளை ஏற்றுக்கொண்டுவிட்டார்கள் என்பதையும் நடுவர் குறித்துக்கொள்ள வேண்டுகிறேன். ஆகவே அவர்களுக்கும் எங்களுக்கும் உள்ள பூசல் படிகள் எத்தனை என்பது பற்றியதே. படிகளே கூடாது என்ற கொள்கையை அவர்களும் கைவிட்டாயிற்று.

ரஷ்யாவைப் பற்றிச் சொன்னார்கள். 12, 20, 30 என்றிருந்த விகிதங்களை நீக்கி 13 சதவீதம் கொண்டுவந்த பிறகு அங்கே வருவாய் கூடியது உண்மை. ஆனால் அந்த மாற்றத்தை ஆராய்ந்து பன்னாட்டு நிதியத்தின் பொருளியலாளர்கள் 2005-இல் வெளியிட்ட ஆய்வு, விகிதக் குறைப்பே அந்த உயர்வுக்குக் காரணம் என்பதற்குச் சான்று கிடைக்கவில்லை என்ற முடிவுக்கே வந்தது. வரிச் சட்டத்துக்குக் கட்டுப்படும் போக்கு மேம்பட்டிருந்தது. அதற்கு விகிதம் காரணமா, வரி நிர்வாகத்தில் நடந்த மாற்றம் காரணமா என்பதை அவர்களால் பிரித்துக் காட்ட முடியவில்லை. எதிரணித் தலைவர் கதையைப் பாதியில் நிறுத்திவிட்டார் என்பது இன்னொரு செய்தி. 2021-இல் ரஷ்யா உயர்ந்த வருமானங்களுக்கு 15 சதவீதம் என்ற இரண்டாம் படியைச் சேர்த்தது. 2025 முதல் அங்கே 13-இலிருந்து 22 வரை ஐந்து படிகள் இருக்கின்றன. ரஷ்யா மட்டுமல்ல. 2004-இல் 19 சதவீத ஒற்றை விகிதத்தால் புகழ்பெற்ற ஸ்லோவாக்கியா 2013-இல் 25 சதவீதம் என்ற மேல்படியைக் கொண்டுவந்தது. லாட்வியா 2018-இலும், லித்துவேனியா 2019-இலும், செக் குடியரசு 2021-இலும் படிநிலைக்குத் திரும்பின. பரிசோதித்துப் பார்த்தவர்களே திரும்பி வரும் வழியில் நம்மை முன்னே போகச் சொல்வது என்ன நியாயம்?

பல்கேரியாவும் ஹங்கேரியும் திரும்பவில்லை. அதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். பல்கேரியாவில் 10 சதவீதம், ஹங்கேரியில் 15 சதவீதம் என்று ஒற்றை விகிதம் நிலைத்திருக்கிறது. ஆனால் ஹங்கேரியின் மதிப்புக் கூட்டு வரி 27 சதவீதம். ஐரோப்பிய ஒன்றியத்திலேயே மிக உயர்ந்த பொது விகிதம் அது. வருமானத்தில் வாங்காததை, வாங்கும் பொருளில் வாங்குகிறார்கள். வருமானம் முழுவதையும் அன்றாடச் செலவுக்கே கொடுத்துத் தீர்ப்பவர்மேல் அந்த 27 சதவீதம் எவ்வளவு பாரமாக விழுகிறது என்பதை விளக்க வேண்டியதில்லை.

உயர் விகிதம் உழைப்பவரைத் தண்டிக்கிறது என்ற வாதத்தில் ஓரளவு உண்மை உண்டு. 1970-களில் பிரிட்டனில் உழைப்பு வருமானத்தின் உச்ச விகிதம் 83 சதவீதமாகவும், முதலீட்டு வருமானத்துக்கு 98 சதவீதமாகவும் இருந்தது. இந்தியாவில் 1973-74-இல் உச்ச விகிதம் 97.75 சதவீதம். அவற்றைக் காக்க எங்கள் அணியில் யாரும் எழுந்து நிற்கப் போவதில்லை. அவை ஏட்டில் இருந்த விகிதங்கள். ஏய்ப்பும் விலக்கும் பெருகக் காரணமாயின. ஆனால் அளவு மீறிய மருந்து கெடுதல் செய்தது என்பதற்காக மருந்தையே ஒழிக்கச் சொல்வதா? 1799-இல் பிரிட்டனில் பிரதமர் வில்லியம் பிட் முதன்முதலாக வருமான வரி விதித்தபோதே, 60 பவுண்டுக்கு மேற்பட்ட வருமானங்களில் ஒரு சதவீதத்துக்கும் குறைவாகத் தொடங்கி, 200 பவுண்டுக்கு மேல் 10 சதவீதம் என்று ஏறும் அமைப்பாகவே அது இருந்தது. செலுத்தும் ஆற்றலுக்கேற்ற வரி என்ற எண்ணம் இந்த வரியோடு பிறந்தது.

அப்படியானால் எதைச் சீர்திருத்தச் சொல்கிறோம்? எங்கள் முதல் குறி கழிவுகள். வருமானத்திலிருந்து கழித்துக்கொள்ளும் ஒவ்வொரு சலுகையும், 30 சதவீதப் படியில் இருப்பவருக்கு நூற்றுக்கு முப்பதும், 10 சதவீதப் படியில் இருப்பவருக்கு நூற்றுக்குப் பத்தும், வரியே செலுத்தாதவருக்கு ஒன்றுமில்லாமலும் போகிறது. இதே சலுகையை மானியமாக எழுதி நாடாளுமன்றத்தில் வைத்தால் எந்த அமைச்சராவது துணிவாரா? 1988-இல் கனடா இத்தகைய கழிவுகளில் பெரும்பாலானவற்றை, எல்லோருக்கும் ஒரே மதிப்புள்ள வரித் தள்ளுபடியாக மாற்றியது. படிகள் இருந்தன, எண்ணிக்கை மட்டும் பத்திலிருந்து மூன்றாகக் குறைந்தது. அடுத்தது, பணவீக்கத்துக்கேற்பப் படிகளின் எல்லைகள் தாமாக நகர வேண்டும் என்பது. அமெரிக்காவில் 1985 முதல் இது நடைமுறையில் உள்ளது. இது இல்லாத இடத்தில், விலைவாசியோடு சம்பளம் ஏறும்போது, சட்டமன்றம் ஒரு வார்த்தை பேசாமலே மக்கள் மேல்படிக்குத் தள்ளப்படுகிறார்கள்.

மிகக் கடினமானது மூலதன ஆதாயம், அதாவது பங்கு, நிலம் போன்ற சொத்தை விற்றதில் கிடைக்கும் லாபம். 1986-இல் அமெரிக்கா உச்ச விகிதத்தை 50-இலிருந்து 28 ஆகக் குறைத்தபோது, 20 சதவீதமாக இருந்த மூலதன ஆதாய வரியை 28 ஆக உயர்த்தி இரண்டையும் சமமாக்கியது. பல விலக்குகளையும் அடைத்தது. ஆனால் அந்தச் சமநிலை ஐந்தாண்டுகூட நிற்கவில்லை. சம்பளத்துக்கு ஒரு விகிதம், பங்கு விற்ற லாபத்துக்குக் குறைந்த விகிதம் என்ற பழைய பிரிவினை மீண்டும் நுழைந்தது. அந்தப் பிரிவினையை உடைத்தது படிநிலையல்ல என்று எதிரணியினர் வாதிடலாம், உண்மைதான். அதை உடைத்தது, எல்லா வருமானத்தையும் ஒன்றாகப் பார்க்கும் துணிவு. அந்தத் துணிவு வந்தபின் படிநிலையை வைத்துக்கொள்வதில் எந்தத் தடையும் இல்லை.

எனவே, அடுத்துப் பேச வரும் எதிரணி நண்பரிடம் ஒன்றே ஒன்று கேட்டு அமர்கிறேன். நான் காட்டிய கணக்கில், விலக்கு வரம்பை எங்கே வேண்டுமானாலும் வையுங்கள். ஒற்றை விகிதத்தை உங்கள் விருப்பப்படி அமைத்துக்கொள்ளுங்கள். அரசுக்கு வரும் 28.4 அலகு குறையாமல், 20 அலகு ஈட்டும் நடுத்தட்டுக்காரர் இப்போது செலுத்துவதைவிடக் கூடுதலாகச் செலுத்தாமல், 100 அலகு ஈட்டுபவருக்குச் சலுகை தர முடிகிறதா என்று இந்த மேடையிலேயே போட்டுக் காட்டுங்கள். நன்றி, வணக்கம்.