15,000 வெள்ளிப் பேய்

நடுவர் அவர்களுக்கும், சாப்பாட்டுக்கு முந்தைய கடைசி ஆளாக என்னைப் போட்ட ஏற்பாட்டாளர்களுக்கும் வணக்கம். கிடைத்திருப்பது ஏழு நிமிடம், நேராக வருகிறேன்.

பட நிறுவனங்களை வாழவைப்பது பிரம்மாண்டமா, சிக்கனமா? நாங்கள் சிக்கனம். இப்போது பேசி அமர்ந்த எதிரணி அண்ணன், "சிக்கனப் படம் நம் சிங்கப்பூர்த் தேக்காச் சந்தையில் பத்து வெள்ளிக்கு (டாலருக்கு) மூன்று என்று விற்கிற சட்டை மாதிரி, ஒரு துவைப்புக்குத் தாங்காது" என்றார். நீங்களும் கைதட்டினீர்கள். கைதட்டியவர்களில் பாதிப் பேர் அந்தச் சட்டையைப் போட்டுக்கொண்டுதான் வந்திருக்கிறீர்கள், மேடையிலிருந்து பார்த்தாலே தெரிகிறது.

அண்ணன் டிஸ்னி கணக்குச் சொன்னார். 2009-ல் மார்வெலை 400 கோடி அமெரிக்க வெள்ளிக்கு வாங்கினார்கள், 2012-ல் லூக்காஸ்ஃபிலிமையும் கிட்டத்தட்ட அதே விலைக்கு வாங்கினார்கள். சரி, நிஜம்தான். இன்னொரு பெரிய ஸ்டூடியோவான வார்னரை ஏன் அண்ணே விட்டுவிட்டீர்கள்? 'பேட்கேர்ள்' என்று சுமார் 9 கோடி வெள்ளி செலவழித்து, ஏறக்குறைய முடித்த படத்தை 2022-ல் வெளியிடாமலே பூட்டி வைத்தார்கள். உங்கள் பட்டுச் சட்டை ஒரு தடவைகூட உடம்பில் ஏறவில்லையே!

எங்கள் சரக்கு 'பாராநார்மல் ஆக்டிவிட்டி'. ஓரன் பெலி கலிஃபோர்னியாவில் தன் சொந்த வீட்டிலேயே எடுத்த பேய்ப்படம், செலவு சுமார் 15,000 அமெரிக்க வெள்ளி. நம் ஊரில் அந்தக் காசுக்குக் காரின் ஒரு சக்கரத்துக்காவது சிஓஇ, அதாவது கார் வைத்துக்கொள்ள ஏலத்தில் எடுக்கிற உரிமம், கிடைக்குமா? 2009-ல் பாரமவுண்ட் அதைப் பெரிய அளவில் வெளியிட்டது, வசூல் 19 கோடியைத் தாண்டியது. தயாரிப்பாளர்களில் ஒருவரான ஜேசன் ப்ளம் அப்புறம் இதையே தொழிலாக்கிக்கொண்டார். செலவுக்கு ஒரு வரம்பு, நடிகருக்குக் குறைந்த சம்பளம், படம் ஓடினால் பங்கு. ஓடாவிட்டாலும் கம்பெனி முழுகாது.

அந்தப் படத்தில் பேயைக் காட்டவே மாட்டார்கள். ராத்திரி, ஒரு படுக்கையறை, ஒரு கதவு. அந்தக் கதவு ஒரு சாண் அசையும், அவ்வளவுதான். போன தீபாவளி லீவில் என் மாமியார் இதை எங்கள் செங்காங் வீட்டில் பார்த்தார். "என்ன மாப்பிள்ளை, வெறும் கதவைக் காட்டுறாங்க?" என்றார். பத்து நிமிடத்தில் இரண்டு காலும் சோபா மேல் ஏறிவிட்டன. அப்புறம் என் மனைவியின் கையைப் பிடித்தார். அப்புறம் என் கையை. கல்யாணமாகி இருபது வருஷத்தில் அத்தை என் கையைப் பிடித்தது அன்றைக்குத்தான்.

ராத்திரி இரண்டு மணிக்கு எழுந்து பார்த்தால் அத்தை படுக்கையில் இல்லை. சமையலறையில் இல்லை, பாத்ரூமில் இல்லை. கடைசியில், குண்டு விழுந்தால் ஒளிந்துகொள்ள வீட்டுக்குள்ளேயே கட்டித் தந்திருக்கிற பாம் ஷெல்டர் அறையின் இரும்புக் கதவை இழுத்துத் திறந்தேன். அரிசி மூட்டைக்கும் முறுக்கு டின்னுக்கும் நடுவே, பாயை விரித்து, கையில் டார்ச்சோடு உட்கார்ந்திருக்கிறார். "மாப்பிள்ளை, இந்தக் கதவு மட்டும்தான் தானா அசையாது" என்றார்.

பின்வரிசையில் ஓர் அம்மா பக்கத்தில் இருப்பவரிடம், "எங்கே படுத்தாங்களாம்?" என்று கேட்கிறார். பாம் ஷெல்டரில் அம்மா, பாம் ஷெல்டரில்! ஜப்பான்காரன் குண்டுக்குப் பயந்து இல்லை, கலிஃபோர்னியாக் கதவுக்குப் பயந்து! நடுவர் குலுங்கிச் சிரிக்கிறார், அவர் வீட்டு ஷெல்டரிலும் யாரோ இருக்கிறார்கள் போலிருக்கிறது.

காலையில் கோப்பி குடிக்கும்போது அத்தைக்கு ரோஷம் வந்துவிட்டது. "இதெல்லாம் ஒரு பேயா? நான் 'பொந்தியானாக்' பார்த்தவ" என்றார்.

பொந்தியானாக் என்றால் மலாய்க்காரர்களின் பெண் பேய். அதன் பெயரிலேயே வந்த மலாய்ப் படம் அது, வருஷம் 1957. அன்றைக்கு இந்தச் சிங்கப்பூரிலேயே இரண்டு ஸ்டூடியோக்கள் மோதிக்கொண்டிருந்தன. ஜாலான் அம்பாசில் ஷா சகோதரர்கள். மாதச் சம்பளத்தில் நடிகர்கள், இந்தியாவிலிருந்து வரவழைத்த இயக்குநர்கள், எல்லாருக்கும் மேலே மலாய்த் திரையின் உச்ச நட்சத்திரம் பி. ரம்லி. ஈஸ்ட் கோஸ்ட் சாலையில் கேத்தே கிரிஸ். அவர்களிடம் ரம்லி இல்லை, அதனால் பேயை இறக்கினார்கள். இயக்கியவர் பி.என். ராவ், முன்பு ஷாவுக்கே படம் எடுத்தவர். அது ஓடிய ஓட்டத்தில், அடுத்த வருஷமே ஷாவும் ஒரு பொந்தியானாக்கைத் தேடிப் பிடித்தது.

அத்தைக்கு அப்போது ஏழு வயது. நேவல் பேஸில் வேலை முடித்து வந்த அப்பா, தோளில் தூக்கிக்கொண்டு கொட்டகைக்குப் போயிருக்கிறார். "பேய் எப்படி இருந்துச்சு அத்தை?" என்று கேட்டேன். "யாருக்குத் தெரியும்? மியூசிக் மாறினாலே அப்பா நெஞ்சுல முகத்தைப் புதைச்சுக்குவேன். சட்டையைத்தான் பாத்தேன். நீலக்கோடு போட்ட சட்டை. மூணாவது பொத்தான் மட்டும் வேற கலர், அம்மா தச்சது" என்றார். கோப்பி ஆறிப்போய்விட்டது, அவர் அதைத் தொடவில்லை.

அந்தப் படத்தின் பிரதி இன்று இல்லை, தொலைந்துபோய்விட்டது. அந்த அப்பாவும் இல்லை. எதிரணி அண்ணே, சட்டை ஒரு துவைப்புக்குத் தாங்காது என்றீர்களே. அது என்ன விலைக்கு வாங்கியதோ தெரியாது. அதன் பொத்தான் என்ன நிறம் என்று வேண்டுமானால், அதோ மூன்றாவது வரிசையில் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருக்கிறாரே, அவரைக் கேளுங்கள்.

மணி அடித்துவிட்டது.