ஆக்ரன் நகரின் ஃபிரிட்ஸ் பொல்லார்டு

எல்லோருக்கும் வணக்கம்.

1921-இல் கறுப்பினத்தவர் ஒருவர் அமெரிக்காவின் தொழில்முறை ஃபுட்பால் லீகில் ஓர் அணிக்குத் தலைமைப் பயிற்சியாளர் ஆனார். அதே லீகில் இன்னொரு கறுப்பினத்தவருக்கு அந்தப் பொறுப்பு கிடைத்தது 1989-இல். நடுவில் 68 வருடம். அதில் 65 வருடம் அந்த முதல் மனிதர் உயிரோடு இருந்தார். தனக்கு அடுத்து ஒருவர் வருவதைப் பார்க்காமலே போய்ச் சேர்ந்தார். அவர் பெயர் ஃபிரிட்ஸ் பொல்லார்டு. அவரைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறேன்.

இந்த ஆட்டத்தைப் பார்த்திராதவர்களுக்காக ஒரு வார்த்தை. இது நம் ஊர்க் கால்பந்து அல்ல. முட்டை வடிவப் பந்தை மார்போடு அணைத்துக்கொண்டு எதிரணியின் எல்லையை நோக்கி ஓட வேண்டும். கபடியில் பாடி வந்தவரை அமுக்குகிற மாதிரி, ஓடுகிறவரை எதிரணிக்காரர்கள் பிடித்துச் சாய்ப்பார்கள். பொல்லார்டு ஆடிய நாளில் தலைக்கு மெல்லிய தோல் தொப்பிதான் காப்பு, முகத்துக்கு ஒன்றுமே கிடையாது. விழுந்தவர் மேல் நாலைந்து பேர் குவிந்துவிட்டால், அடியில் யார் குத்தினார், யார் முறுக்கினார் என்பது நடுவர் கண்ணுக்குத் தெரியாது.

பொல்லார்டு 1894-இல் சிகாகோவில் பிறந்தவர். அப்பா முடிதிருத்துபவர், அம்மா தையல் வேலை செய்தவர். அடிமை முறையை எதிர்த்துப் போராடிய ஃபிரெடெரிக் டக்ளஸின் பெயரையே பிள்ளைக்கு வைத்தார்கள். ஃபிரிட்ஸ் என்பது ஊரார் கூப்பிட்ட பெயர். எட்டுப் பிள்ளைகளில் ஏழாவது. உயரம் ஐந்தடி ஒன்பது அங்குலம், எடை 75 கிலோ. இந்த ஆட்டத்துக்கு இது சின்ன உடம்பு. அண்ணன்மார்தான் அவருக்கு முதல் ஆசான்கள். எப்படி ஓடுவது என்பதோடு, எப்படி அடிபடாமல் தப்பிப்பது என்பதையும் சொல்லிக்கொடுத்தார்கள்.

அந்தப் பாடத்தைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்ப்போம். அவரைச் சாய்த்ததும், ஆட்டம் நின்ற பிறகும் வேண்டுமென்றே மேலே வந்து விழுவார்கள். எலும்பை முறித்தால் இந்த ஆள் மறுபடி மைதானத்துக்கு வரமாட்டான் என்கிற எண்ணம். பொல்லார்டு என்ன செய்வார்? விழுந்த கணமே மல்லாக்கப் புரண்டு, இரண்டு கால்களையும் மேலே தூக்கி, சைக்கிள் மிதிப்பதுபோல் உதைத்துக்கொண்டிருப்பார். ஷூவின் அடியில் கூரான குமிழ்கள். அதன் மேல் வந்து விழ யாருக்குத் துணிச்சல் வரும்? அவர் யாரையும் அடிக்கவில்லை, நடுவர் குற்றம் சொல்லவும் வழியில்லை. ஒரு விளையாட்டுக்காரர் பந்தோடு ஓடப் பழகுவதற்குச் சமமாக இதையும் பழக வேண்டியிருந்தது என்பதை நினைத்தால் எனக்கு மனசு ஆறுவதில்லை.

அப்புறம் பிரவுன் பல்கலைக்கழகம். 1916 புத்தாண்டு அன்று பாசடீனாவில் நடந்த ரோஸ் பவுல் என்ற பெரிய கல்லூரிப் போட்டியில் ஆடிய முதல் கறுப்பினத்தவர் அவர்தான். சேற்று மைதானத்தில் பிரவுன் அணி 14-0 என்று தோற்றது. ஆனால் அதே ஆண்டு நவம்பரில் யேல், ஹார்வர்டு இரண்டையும் அடுத்தடுத்த வாரங்களில் வீழ்த்தினார்கள். ஒரே சீசனில் அந்த இரண்டு பெரிய அணிகளையும் பிரவுன் வென்றது அதுவே முதல் முறை. இரண்டு வெற்றிக்கும் நடுநாயகம் பொல்லார்டு. நாட்டின் தலைசிறந்த கல்லூரி ஆட்டக்காரர்கள் என்று, அமெரிக்க ஃபுட்பாலின் தந்தை எனப்படும் வால்டர் கேம்ப் தேர்ந்தெடுத்த பட்டியலிலும் அந்த வருடம் இடம்பெற்றார்.

1919-இல் ஒஹாயோ மாநிலத்தின் ஆக்ரன் நகருக்கு ஆட வந்தார். ஆக்ரன் ரப்பர் ஆலைகளின் ஊர். தென் மாநிலங்களிலிருந்து வேலை தேடி வந்த வெள்ளையர்கள் நிறையப் பேர். அந்தப் பக்கத்து இனவெறியும் அவர்களோடு வந்தது. சொந்த ஊர் ரசிகர்களே வசை பாடினார்கள். மற்ற ஆட்டக்காரர்களோடு உடை மாற்ற முடியாத நிலை. அணி உரிமையாளர் ஃபிராங்க் நீட் நடத்திய சுருட்டுக் கடையில் உடை மாற்றிக்கொண்டு, ஆட்டம் தொடங்கும் நேரத்துக்குக் காரில் போய் இறங்குவார். ஊருக்குக் கோப்பை வாங்கித் தரப்போகிறவர் அந்த ஊருக்குள் வந்த விதம் இது.

1920-இல் கேன்டன் நகரில் ஒரு கார் விற்பனைக் கூடத்தில் அணி உரிமையாளர்கள் கூடி ஆரம்பித்த லீக்தான் இன்றைய என்.எஃப்.எல்., அதாவது தேசிய ஃபுட்பால் லீக். அந்த முதல் சீசனில் கறுப்பின ஆட்டக்காரர்கள் இரண்டே பேர்: பாபி மார்ஷல், பொல்லார்டு. ஆக்ரன் அணி எட்டு ஆட்டங்களில் வென்றது, மூன்றில் சமன் செய்தது, ஒன்றில்கூடத் தோற்கவில்லை. சீசன் முழுக்க எதிரணிகள் எல்லாம் சேர்ந்து எடுத்தது ஏழே ஏழு புள்ளி! லீகின் முதல் சாம்பியன் பட்டம் ஆக்ரனுக்கு.

மறு வருடம் ஆடிக்கொண்டே பயிற்சியாளர் பொறுப்பையும் எல்ஜி டோபினோடு சேர்ந்து ஏற்றார். வெள்ளைக்கார ஆட்டக்காரர்களுக்கு வியூகம் சொல்லிக்கொடுக்கும் இடத்தில் ஒரு கறுப்பினத்தவர் நிற்பது அன்று சின்ன விஷயம் அல்ல. அந்த ஆண்டு ஆக்ரனில் அவரோடு ஆடியவர்களில் ஒருவர் பால் ராப்சன். ஆம், பின்னாளில் உலகம் அறிந்த பாடகரான அதே ராப்சன்தான். கொலம்பியாவில் சட்டம் படித்துக்கொண்டே ஆட வந்தவர்.

பொல்லார்டு மில்வாக்கி, ஹாமண்ட், பிராவிடென்ஸ் என்று பல அணிகளுக்கு ஆடினார். ஹாமண்டுக்குப் பயிற்சியும் அளித்தார். 1926-ஓடு அவரது என்.எஃப்.எல். வாழ்க்கை முடிந்தது.

முடிந்தது அவரோடு நிற்கவில்லை. முதல் 14 சீசன்களில் அந்த லீகில் ஆடிய கறுப்பினத்தவர்கள் மொத்தமே 13 பேர். 1934 முதல் 1945 வரை ஒருவர்கூட இல்லை. எந்த விதிப்புத்தகத்திலும் தடை எழுதப்படவில்லை. யாரும் கையெழுத்துப் போடவில்லை. உரிமையாளர்கள் தங்களுக்குள் புரிந்துகொண்டார்கள், அவ்வளவுதான். எழுதி வைத்த தடையைவிட இதுதான் கொடுமை என்று நினைக்கிறேன். எழுதியிருந்தால் அதைக் காட்டி வழக்காவது போடலாம். இல்லாத ஒன்றை எதிர்த்து யாரிடம் போய் முறையிடுவது? 1946-இல் கென்னி வாஷிங்டன், வுடி ஸ்ட்ரோட் இருவரையும் ராம்ஸ் அணி எடுத்த பிறகே நிலை மாறத் தொடங்கியது.

பொல்லார்டு அந்த வருடங்களில் சும்மா உட்காரவில்லை. லீகுக்கு வெளியே கறுப்பின வீரர்களைச் சேர்த்து அணி கட்டினார். 1930களில் நியூயார்க்கில் கறுப்பின மக்கள் வாழ்ந்த ஹார்லெம் பகுதியில் பிரவுன் பாம்பர்ஸ் என்ற அணிக்குப் பயிற்சி கொடுத்தார். சரி, பெரிய லீக் கூப்பிடவில்லை என்றால் ஆட்டத்தையே விட்டுவிட வேண்டுமா என்ன? முதலீட்டு நிறுவனம் நடத்தினார். பொருளாதார வீழ்ச்சியில் அது மூழ்கியது. நியூயார்க்கில் கறுப்பின மக்களுக்காகப் பத்திரிகை நடத்தினார். அவர் மகன் ஃபிரிட்ஸ் பொல்லார்டு ஜூனியர் 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் 110 மீட்டர் தடை ஓட்டத்தில் வெண்கலம் வென்றார்.

1986-இல், 92-ஆம் வயதில், பொல்லார்டு காலமானார். மூன்று வருடம் கழித்து ஆர்ட் ஷெல் ரைடர்ஸ் அணியின் தலைமைப் பயிற்சியாளர் ஆனார். 2003-இல் பயிற்சியாளர் பணிகளில் சிறுபான்மையினருக்கு வாய்ப்புக் கேட்டு ஓர் அமைப்பு தொடங்கப்பட்டது. அதற்கு ஃபிரிட்ஸ் பொல்லார்டு கூட்டமைப்பு என்றே பெயர் வைத்தார்கள். 2005-இல் கேன்டனில் உள்ள தொழில்முறை ஃபுட்பால் புகழ்க்கூடத்தில் பொல்லார்டைச் சேர்த்தார்கள். அந்தக் கௌரவத்தை அவர் சார்பில் வாங்கிக்கொண்டவர்கள் அவருடைய குடும்பத்தார்.